கம்பளி மூட்டை மேல் ரிப்பி மக்லூஃபின் பள்ளிக்கூடம்

எங்கள் யூதத் தெருவின் குரு ரிப்பி மக்லூஃப் ஸெஃப்ரூ ஊரில் தும்மினால் ஃபெஸ் நகரத்தில் இருப்பவர்கள் "நூறாயுசு" என்று வாழ்த்துவார்கள். மிகைதான், ஒப்புக்கொள்கிறேன். ஃபெஸ் வரைக்கும் கேட்காது. பாதி வழியில் ஆடு மேய்க்கிறவர்கள் இடி இடிக்கிறதென்று ஆடுகளை ஓட்டிக்கொண்டு வீடு திரும்புவார்கள், அவ்வளவுதான்.

அப்படிப்பட்ட குரல், பார்ப்பதற்கு ஒன்றுமே இல்லாத ஓர் உடம்பிலிருந்து வந்தது. ஆள் குள்ளம். முன்னால் தொப்பை, அதன்மேல் தாடி. தூரத்திலிருந்து பார்த்தால் யாரோ கோதுமை மூட்டைக்குத் தாடி ஒட்டி நடக்க விட்டதுபோல இருக்கும். அப்பா குதிரைச் சேணம் தைப்பவர். பிள்ளையையும் தோல் தைக்க உட்கார வைத்துப் பார்த்தார். பிள்ளை ஊசியைக் கையில் வைத்துக்கொண்டு வருகிற வாடிக்கையாளர்களிடமெல்லாம், "உங்க கழுதைக்கு இவ்வளவு பாரம் ஏத்துறது நியாயமா?" என்று கேட்க ஆரம்பித்தான். வியாபாரம் படுத்துவிட்டது. "இவன் வாய் பொழைக்கிற இடத்துக்குப் போகட்டும்" என்று அப்பா அவனை ஃபெஸுக்கு அனுப்பிச் சாஸ்திரம் படிக்க வைத்தார். பிள்ளை ரிப்பியாகத் திரும்பி வந்து, முதல் காரியமாக, அப்பாவின் கடைக்கு எதிரிலேயே நின்று கழுதைகளின் பாரம் பற்றிப் பிரசங்கம் செய்தார். இந்த முறை சாஸ்திர ஆதாரத்தோடு.

அவர் மனைவி ஹனினா அவரைவிட ஒரு தலை உயரம். கல்யாணத்தில் முக்காட்டை விலக்கிப் பெண் முகம் பார்க்க அவரை முக்காலிமேல் ஏற்றினார்கள் என்று என் அம்மா சொல்வாள். ஹனினாவைக் கேட்டால், "முக்காலி எல்லாம் இல்லை, நான்தான் குனிஞ்சேன். அன்னைக்குக் குனிஞ்சவ, இன்னும் நிமிரலை" என்பாள்.

ரிப்பி காலையில் பையன்களுக்குப் பாடம் சொல்வார். முதல் நாள் வரும் குழந்தைக்குப் பலகையில் எழுத்து எழுதி, அதன்மேல் தேன் தடவி நக்கச் சொல்வது எங்கள் வழக்கம். படிப்பு இனிக்க வேண்டும் அல்லவா. ரிப்பி அந்த வழக்கத்தில் ஆழ்ந்த பக்தி உள்ளவர். குழந்தை நக்கி முடித்ததும், "ஒரு எழுத்து விட்டுப்போச்சு பார்" என்று பலகையை வாங்கித் தானும் நக்குவார்.

மத்தியானத்துக்குமேல் ஊர்க் காரியம். யாருக்கு என்ன அநியாயம் நடந்தாலும் அங்கே தொப்பை முதலில் போய் நிற்கும், பின்னாலேயே ரிப்பி. ஒருமுறை விதவை ஒருத்தியின் மனுவைப் பிரெஞ்சு அதிகாரி கையெழுத்துப் போடாமல் இழுத்தடித்துக்கொண்டிருந்தார். ரிப்பி சண்டை போடவில்லை. தன் வகுப்புப் பையன்கள் எல்லோரையும் கூட்டிக்கொண்டு போய் அந்த அலுவலக வராந்தாவில் உட்கார்த்தி வைத்து, "இங்கே நல்ல காத்து வருது, இனிமே வகுப்பு இங்கேதான்" என்று எபிரேய எழுத்துகளை அலெஃப், பெத் என்று ராகம் போட்டுச் சொல்லிக்கொடுக்கத் தொடங்கினார். பையன்கள் தொண்டை கிழியத் திருப்பிச் சொன்னார்கள். மனு உடனே நகர்ந்தது. அந்த அதிகாரி பின்னால் மாற்றலாகிப் போகும்போது அலெஃப் பெத் ராகத்தை முணுமுணுத்துக்கொண்டே கப்பல் ஏறினார் என்று சொல்வார்கள். சொல்வார்கள் என்றால், நான் சொல்வேன்.

அவர் போனதையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். கடைசியில் வைத்தால் எல்லோரும் அழுவீர்கள், அவருக்கு அது பிடிக்காது. வயதாகிப் படுக்கையில் விழுந்தவர் ஒரு செவ்வாய்க்கிழமை, "ஹனினா, ஸ்கீனா சாப்பிடணும்போல இருக்கு" என்றார். கோதுமையும் கொண்டைக்கடலையும் மாட்டெலும்பும் முட்டையும் போட்டு, வெள்ளிக்கிழமை மாலை ஊருக்குப் பொதுவான தெரு அடுப்பில் வைத்துச் சனிக்கிழமை மத்தியானம் எடுக்கிற பண்டம் அது. வெள்ளி மாலை தொடங்கிச் சனி மாலை முடிகிற எங்கள் ஓய்வுநாளான சப்பாத் அன்று மட்டும்தான் உண்டு.

"செவ்வாய்க்கிழமை ஸ்கீனா கேட்கிறவர் ரிப்பியா?" என்றாள் ஹனினா.

"சனிக்கிழமை வரைக்கும் இருப்பேன்னா கேட்டிருக்க மாட்டேன்" என்றார் அவர்.

சமைத்துக் கொடுத்தாள். சாப்பிட்டார். சாப்பாட்டுக்குப் பிந்தைய ஜெபத்தைச் சொல்லி முடித்தார். பிறகு கண்ணை மூடினார். ஹனினா சட்டியை எட்டிப் பார்த்தாள். பாதி மிச்சம் இருந்தது. அதைப் பார்த்த பிறகுதான் அவள் குரலெடுத்து அழுதாள். "இவர் மிச்சம் வெச்சுட்டார்னா நிஜமாவே போயிட்டார்னு அர்த்தம்" என்றாள்.

ஆனால் ரிப்பி மக்லூஃபின் வாழ்க்கை என்றால் எனக்கு ஒரேயொரு சனிக்கிழமைதான். அதற்கு முன்னால் நடந்ததிலிருந்து ஆரம்பிக்க வேண்டும்.

எங்கள் யூதத் தெருவில் இரண்டு வகைப் பெண்பிள்ளைகள் இருந்தோம். பிரெஞ்சுப் பள்ளிக்குப் போகிறவர்கள் ஒரு வகை. பகலெல்லாம் கம்பளி சிக்கெடுக்கிறவர்கள் இன்னொரு வகை. நான் இரண்டாவது. நாங்கள் சிக்கெடுத்த கம்பளி முழுவதும் ஷெம்தோவ் என்பவருடையது. ஊரின் பெரிய கம்பளி வியாபாரி. எங்கள் ஜெபக்கூடத்துக்கும் அவர்தான் தலைவர். அவருடைய மகள் ஃப்ரேஹா இப்போது என் எதிரில் உட்கார்ந்து பட்டாணி உரித்துக்கொண்டிருக்கிறாள். எழுத எழுத நான் வாசித்துக் காட்டுகிறேன். ஆகவே அவள் அப்பாவைப் பற்றி மரியாதையாகவே எழுதுவேன்: அவர் மகா கருமி.

ஒருநாள் நான் ஜெபக்கூடத்து முற்றத்தில் கம்பளி உலர்த்திக்கொண்டிருந்தபோது ரிப்பி வந்தார். வாசலுக்குமேல் செதுக்கியிருந்த எழுத்துகளைக் காட்டி, "ரிப்பி, அங்கே என்ன எழுதியிருக்கு?" என்று கேட்டேன்.

"தினம் பார்க்கிறே, படிக்கத் தெரியாதா?"

"யாரு சொல்லிக் குடுத்தாங்க?"

அவர் தாடி மயிர்கூட சிவந்துபோயிற்று. அன்று மாலையே எங்கள் வீடுகளின் கதவுகளைத் தட்டினார். "வேலை முடிஞ்சதும் பொண்ணுங்களை அனுப்புங்க. நான் எழுத்து சொல்லித்தரேன்."

என் அம்மா அவரை மேலும் கீழும் பார்த்தாள். "அனுப்புறேன். ஆனா நாலு சுவரும் ஒரு கூரையும் இருக்கிற இடத்துக்குத்தான் அனுப்புவேன். தெருவுல உட்கார்ந்து என் பொண்ணு படிச்சான்னு நாளைக்கு மாப்பிள்ளை வீட்டுல பேசக்கூடாது."

மற்ற அம்மாக்களும் அதையே சொன்னார்கள். கூரை உண்டென்றால் வகுப்பு, இல்லையென்றால் இல்லை.

முதல் கூரை ஹனினாவின் சமையலறை. அங்கே எங்களைத் தவிர கோழிகளும் இருந்தன. எங்களில் ஒருத்தி, பிசைந்து மூடி வைத்திருந்த மாவின்மேல் மெத்தையென்று நினைத்து உட்கார்ந்தாள். ஹனினா கரண்டியோடு வந்தாள். "என்னங்க, இது வீடா சந்தையா? எழுத்து வேணும்னா இதுங்க படிக்கட்டும், ரொட்டி வேணும்னா நீங்க சாப்பிடணும். ரெண்டுல ஒண்ணு சொல்லுங்க." ரொட்டி என்றதும் ரிப்பி எங்களைக் கிளப்பிக்கொண்டு வெளியே வந்துவிட்டார்.

இரண்டாவது கூரை தெரு அடுப்பு. அதை நடத்தியவர் ஸி அல்லால், முஸ்லிம், மகா பொறுமைசாலி. "அடுப்பங்கரையில குளிராது, ரிப்பி. வந்து உட்காருங்க" என்றார். எழுதிப் பழகப் பலகை இல்லை. ஆனால் சுடுவதற்கு வந்த ரொட்டி மாவு வரிசை வரிசையாக இருந்தது. எந்த ரொட்டி எந்த வீட்டுடையது என்று தெரிவதற்காக ஒவ்வொரு வீட்டாரும் மாவின்மேல் ஓர் அடையாளம் குத்தித்தான் அனுப்புவார்கள். அதன் பக்கத்தில் இன்னும் இரண்டு கோடு விழுந்தால் யாருக்கு என்ன நஷ்டம் என்று நாங்கள் விரலால் எழுதிப் பழகினோம். எழுத்துகள் அழகாக வெந்து, பொன்னிறமாக எழும்பி வந்தன.

வெள்ளிக்கிழமை மாலை ஊரே கலங்கிவிட்டது. சப்பாத் ரொட்டியை மேசையில் வைத்து ஆசீர்வதித்து, பிய்க்கக் கை வைத்தால், நடுவில் புனித எழுத்து. சப்பாத் அன்று எழுதவும் கூடாது, எழுதியதை அழிக்கவும் கூடாது. எழுத்தைப் பிய்த்தால் அழித்ததாகுமா ஆகாதா? ஷெம்தோவ் ரொட்டியைத் தூக்கிக்கொண்டு ரிப்பி வீட்டுக்கே வந்துவிட்டார். அவர் ரொட்டியில் ஒன்றல்ல, ஒரு வரியே இருந்தது. அது நான் எழுதியது, நன்றாகவே வந்திருந்தது.

"இதை எப்படி ரிப்பி சாப்பிடுறது?"

ரிப்பி விளக்கு வெளிச்சத்தில் ரொட்டியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "லாமெத் எழுத்து கொஞ்சம் சாஞ்சிருக்கு" என்றார். பிறகு தீர்ப்புச் சொன்னார்: "எழுத்தைச் சுத்தி சாப்பிடுங்க. எழுத்து இருக்கிற நடுப்பாகத்தை இங்கேயே வெச்சுட்டுப் போங்க, சப்பாத் முடிஞ்சதும் நான் பார்த்துக்கறேன்."

ஊர் முழுவதும் அதே தீர்ப்பு. ரிப்பி வீட்டில் ரொட்டி நடுக்கள் கூடை கூடையாகச் சேர்ந்தன. சப்பாத் முடிந்ததும் அவர் பார்த்துக்கொண்டார். அத்திப்பழச் சாராயத்தில் தொட்டுத் தொட்டு, அலெஃப் முதல் தாவ் வரை.

ஷெம்தோவுக்கு மட்டும் கோபம் ஆறவில்லை. ஸி அல்லாலிடம் பேசி எங்களை அடுப்பங்கரையிலிருந்து எழுப்பிவிட்டார். மிச்சம் இருந்தது ஒரே கூரை: ஜெபக்கூடத்து முற்றத்து அறை. பொதுச் சொத்து. ஆனால் பூட்டு ஷெம்தோவுடையது, சாவி அவர் இடுப்பில், உள்ளே இருந்த மூட்டைகளும் ஷெம்தோவுடையவை. மழைக்காலம் வேறு தொடங்கிவிட்டது.

"அந்த அறையை இந்தப் பொண்ணுங்களுக்குக் குடுங்க" என்று ரிப்பி போய்க் கேட்டார்.

"கம்பளி நனைஞ்சா நாறும், ரிப்பி. பொண்ணுங்க நனைஞ்சா காஞ்சுடுவாங்க" என்றார் ஷெம்தோவ்.

இனி என் அம்மாவின் நிபந்தனையை நினைத்துக்கொள்ளுங்கள். அந்தக் கதவு திறக்கவில்லையென்றால் ஒரு ரொட்டியில் ஒரு வரி எழுதியதோடு என் படிப்பு முடிந்தது.

எங்களிடம் ஒரு பழைய வழக்கம் உண்டு. ஒருவருக்கு அநியாயம் நடந்து, கேட்பாரில்லாமல் போனால், சப்பாத் காலையில் எங்கள் வேதமான தோராவின் சுருளைப் பேழையிலிருந்து எடுக்கிற நேரத்தில் அவர் முன்னால் போய் நிற்கலாம். வழக்கைக் கேட்டு ஒரு முடிவு சொல்கிறவரை சுருளை எடுக்க முடியாது. வாசிப்பு நடக்காது. வாசிப்பு நடக்காமல் யாரும் வீட்டுக்குப் போக முடியாது. வீட்டுக்குப் போகாமல் ஸ்கீனா சாப்பிட முடியாது. முன்னோர்கள் மனித சுபாவம் தெரிந்தவர்கள்.

அந்தச் சனிக்கிழமை, பேழையின் திரையை விலக்கியதும், ரிப்பி மக்லூஃப் விறுவிறுவென்று மேடை ஏறிப் பேழைக் கதவில் முதுகைச் சாய்த்து இரு கைகளையும் விரித்து நின்றார். நாங்கள் மாடியில் பெண்களின் மரத்தடுப்புக்குப் பின்னால் இருந்து பார்த்தோம். தொப்பை மேலும் கீழும் போய்வந்தது.

"வாசிப்பு கிடையாது" என்றார். "முற்றத்து அறை பொதுவுக்குச் சேர்ந்தது. அது இந்தப் பொண்ணுங்களுக்கு வர்ற வரைக்கும் நான் இந்த இடத்தை விட்டு நகரமாட்டேன்."

"ரிப்பி, சாயங்காலம் பேசலாம்" என்றார் முன்வரிசைக் கிழவர் ஒருவர்.

"இப்பவே பேசலாம்."

"இன்னைக்கு என் வீட்டுல விருந்தாளிங்க இருக்காங்க, ரிப்பி."

"அவங்களையும் கூட்டிட்டு வாங்க. இடம் இருக்கு."

ஷெம்தோவ் தன் தலைவர் நாற்காலியில் சாய்ந்து கைகளைக் கட்டிக்கொண்டார். "நிக்கட்டும். யாருக்கு முதல்ல பசிக்குதுன்னு பார்ப்போம். ஊர்ல இந்த வயித்தைத் தெரியாதவங்க யாரு?"

அவர் கணக்கு சரியான கணக்குதான். அடுப்பு ஜெபக்கூடத்துக்கு அடுத்த சுவர். முதலில் வெந்த கோதுமை வாசனை வந்தது. பிறகு பூண்டு. பிறகு எலும்பு மஜ்ஜை உருகுகிற வாசனை, சன்னல் வழியாக நுழைந்து, கூடத்தைச் சுற்றிப் பார்த்துவிட்டு, நேராக ரிப்பியின் மூக்குக்குப் போயிற்று. அவர் வயிறு உறுமியது. மாடியில் ஒரு குழந்தை பயந்து அழுதது. ரிப்பி கண்களை இறுக மூடிக்கொண்டு வேத சங்கீதங்களைச் சொல்ல ஆரம்பித்தார். மாடியிலிருந்து ஹனினா குரல் கொடுத்தாள்: "என்னங்க, மூக்கால மூச்சு விடாதீங்க, வாயால விடுங்க."

வெகுநேரம் போனது. கிழவர்கள் ஒருவர்மேல் ஒருவர் சாய்ந்துகொண்டார்கள். அப்போது வாசலில் ஸி அல்லால் வந்து நின்றார். முகமெல்லாம் கரி.

"ஐயாமாரே, சட்டி எடுக்க ஒருத்தரும் வரலையே. எல்லாரும் உபவாசமா? முட்டை எல்லாம் கறுத்துப்போச்சு."

யாரோ விஷயத்தைச் சொன்னார்கள். ஸி அல்லால் ரிப்பியைப் பார்த்தார், ஷெம்தோவைப் பார்த்தார். "எங்கிட்ட இருந்து எழுப்பிவிட்டாரே, அதே பொண்ணுங்களா?"

"அதே பொண்ணுங்கதான்."

"அப்போ நானும் அடுப்பு வாசலைத் திறக்கப் போறதில்லை. ரிப்பி நகர்ந்ததும் சொல்லி அனுப்புங்க." திரும்பிப் போகிறவர் நின்று, "ஷெம்தோவ் ஐயா வீட்டுச் சட்டிதான் பின்னாடி இருக்கு, சூடு அங்கேதான் அதிகம்" என்றார்.

கூடத்தில் ஒரு முனகல் எழுந்தது. எல்லாக் கண்களும் தலைவரின் நாற்காலிக்குத் திரும்பின. ஷெம்தோவ் கண்களை மூடிக்கொண்டிருந்தார். உள்ளுக்குள் தன் கருமித்தனத்தோடு போராடுகிறார் என்பது எங்களுக்கெல்லாம் தெரிந்தது. நீளமாக ஒரு பெருமூச்சு விட்டார். உதடுகள் துடித்தன. பிறகு மெதுவாக, கனமாக, தாடி நெஞ்சில் படுகிறவரை, அந்தப் பெரிய தலை தாழ்ந்தது.

"சம்மதம்!" என்று ரிப்பி முழங்கினார். இடி இடித்ததென்று சொன்னேனே, அந்தக் குரல். "தலைவர் எல்லார் முன்னாடியும் சம்மதிச்சுட்டார். ஆமென் சொல்லுங்க."

ஊரே ஆமென் சொன்னது. ஷெம்தோவ் திடுக்கிட்டு நிமிர்ந்தார். கண்கள் சிவந்து கலங்கியிருந்தன. பேச வாயெடுத்தார், வார்த்தை வரவில்லை. அவ்வளவு உணர்ச்சி. பக்கத்திலிருந்தவர்கள் அவர் கையைப் பிடித்து முத்தமிட்டார்கள். வாசிப்பு நடந்தது. அவ்வளவு வேகமான தோரா வாசிப்பை நான் அதற்குப் பிறகு கேட்டதில்லை. முடிந்ததும் ஆண்கள் அடுப்புக்கு ஓடிய ஓட்டத்தில் மூன்று செருப்புகள் அநாதையாயின.

மத்தியானமே ஷெம்தோவின் மனைவி லல்லா ஸெத்தி சாவியோடு வந்து அறையைத் திறந்தாள். தரையிலிருந்து கூரைவரை மூட்டைகள். சப்பாத் அன்று சரக்கு மூட்டையை நகர்த்தக்கூடாது.

"நாளைக்கு வரட்டுமா, ரிப்பி?" என்று கேட்டேன்.

"நாளைக்குன்னா எல்லாரும் யோசிக்க ஆரம்பிச்சுடுவாங்க" என்றார். இரண்டு சட்டி ஸ்கீனா உள்ளே போயிருந்ததால் குரல் தெளிவாக இருந்தது. "நகர்த்தத்தானே கூடாது? உட்காரக்கூடாதுன்னு எங்கே எழுதியிருக்கு? ஏறுங்க."

ஏறினோம். தலை உத்தரத்தில் இடிக்க, நாங்களே சிக்கெடுத்த கம்பளியின்மேல் அமர்ந்து, சப்பாத் அன்று எழுதக்கூடாது என்பதால் வாய்ப்பாடமாகப் படித்தோம். ரிப்பியை மேலே ஏற்ற ஹனினா பின்னாலிருந்து தள்ள வேண்டியிருந்தது. அதற்குப் பிறகு அந்த மூட்டைகளை யாரும் எடுத்துப் போகவில்லை. எங்கள் பெஞ்சுகளே அவைதான். இதை நான் எழுதிக்கொண்டிருப்பதும் அங்கே கற்ற எழுத்தில் தொடங்கிய படிப்பால்தான். நீதிக்குமுன் ஒரு கருமியின் தலை தாழ்ந்த வரலாறு இது.

இதை வாசித்து முடித்ததும் ஃப்ரேஹா பட்டாணித் தட்டைக் கீழே வைத்தாள்.

"எல்லாம் சரி. அப்பா தலையை ஆட்டலைடி. தூங்கிட்டார்."

"என்னது?"

"தூங்கி விழுந்தார். பசி வந்தா அவருக்குத் தூக்கம் வரும். வீட்டுல வந்து ரெண்டாவது தட்டு சாப்பிடறப்போதான் அம்மாகிட்ட, 'எதுக்கு எல்லாரும் என் கையில முத்தம் குடுத்தாங்க'ன்னு கேட்டார். 'நீங்க அறையைக் குடுத்துட்டீங்க'ன்னாங்க. 'நானா? எப்போ?' 'ஊரே பார்த்துச்சு, ஆமென்கூட சொல்லியாச்சு.' அப்புறம் இடுப்புல தடவிப் பார்த்துட்டு, 'சாவி எங்கே'ன்னார். அம்மா முகம் மாறவே இல்லை. 'அதையும் நீங்கதானே குடுத்தீங்க'ன்னு சொல்லிட்டு, அவருக்கு இன்னொரு முட்டை உரிச்சு வெச்சாங்க."